குமிழி நின்றால் நல்ல ஷாட்

மனிதர்கள் பயப்படுவதற்கென்று உலகத்தில் எத்தனையோ தரமான விஷயங்கள் இருக்கின்றன. பாம்பு இருக்கிறது. பல் டாக்டர் இருக்கிறார். ‘கொஞ்சம் உட்காருங்க, பேசணும்’ என்று சொல்லும் மேலதிகாரி இருக்கிறார். இத்தனையும் இருக்க, குமிழியார் நல்ல ஷாட்டுக்குப் பயந்தார். மனைவி சுமாரான ஷாட் எடுக்கும்போது நிம்மதியாக பிஸ்கட் தின்பார். நல்ல ஷாட் எடுக்கிறார் என்று தெரிந்ததும் உள்ளங்கை வியர்க்கும், நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொள்ளும், அடிவயிற்றில் யாரோ ஈரத்துணி பிழிவார்கள். மனைவி அமர காவியம் படைக்கும் நேரங்களில் இவர் பாதி செத்திருப்பார்.

குமிழியார் என்பது பெற்றோர் வைத்த பெயர் அல்ல. படகுத்துறையில் வைத்த பெயர். பெற்றோர் வைத்தது அலுவலக அடையாள அட்டையில் இருக்கிறது; அது அங்கேயே பத்திரமாக இருக்கட்டும். உத்தியோகம், லிஃப்ட் ஆய்வாளர். அடுக்குமாடிக் கட்டடங்களுக்குப் போய், இரும்புக் கயிறுகளைத் தடவிப் பார்த்து, கப்பிகளைச் சுற்றிப் பார்த்து, ‘இதில் ஏறலாம்’ என்று கையெழுத்துப் போட வேண்டும். போடுவார். போட்டுவிட்டு மாடிப்படி வழியாக இறங்கி வருவார். காரணம் கேட்டால், “உடம்புக்கு நல்லது” என்பார். கயிற்றில் தொங்கும் எதையும் அவர் முழுசாக நம்பியதில்லை. கயிறே இல்லாத எதையும் அவர் ஏறிட்டும் பார்த்ததில்லை.

இப்பேர்ப்பட்டவருக்கு வாய்த்த மனைவி, முதுகில் காற்று உருளையைக் கட்டிக்கொண்டு, கையில் கேமராவோடு கடலுக்குள் இறங்கி, கயிறும் இல்லாமல் கப்பியும் இல்லாமல் அடிமட்டத்துக்குப் போய்விட்டு வருகிறவர். தெருவில் அவரைப் படக்காரம்மா என்பார்கள். கல்யாணம் ஆனபோது ஒழுங்காகத் தரையில்தான் இருந்தார். ஒரு ஸ்டூடியோவில் கேமரா பிடித்துக்கொண்டிருந்தார். துறைமுகத்துத் தூண்களில் துரு எவ்வளவு ஏறியிருக்கிறது என்று தண்ணீருக்குள் போய்ப் படமெடுத்துத் தர ஆள் தேவை என்று ஒரு கம்பெனி கேட்டது. முறையாக முக்குளிக்கக் கற்றுக்கொண்டு போனார். துருவைப் படமெடுக்கப் போனவரின் தோளுக்கு மேல் ஒரு மீன் கூட்டம் கடந்து போயிற்று. கம்பெனிக்குத் துருவின் படம் கிடைத்தது. குமிழியாருக்கு மனைவி திரும்பக் கிடைத்தார், ஆனால் பழைய மனைவி அல்ல.

வீடு மூன்றாவது மாடியில். அந்த வீட்டில் கடலுக்கு இரண்டு அறைகளும் மனிதர்களுக்கு ஒன்றும் ஒதுக்கப்பட்டிருந்தன. குளியலறைத் தொட்டியில் கேமராவின் கவசப்பெட்டி நல்ல தண்ணீரில் ஊறும். உப்பு போகும்வரை குமிழியார் குளிக்காமல் காத்திருப்பார். பால்கனிக் கொடியில் கறுப்பு ரப்பர் உடை தலையில்லாமல் தொங்கும். எதிர்வீட்டுக்குக் குடிவந்த அம்மாள் முதல் நாள் ஜன்னலைத் திறந்து பார்த்துவிட்டு போலீசுக்கு போன் செய்தார். சாப்பாட்டு மேஜையில் படக்காரம்மா கவசப்பெட்டியின் ரப்பர் வளையத்தைப் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்துக்கொண்டிருப்பார். அந்த வளையத்தில் ஒரு தலைமுடி ஒட்டியிருந்தாலும் போதும், தண்ணீர் புகுந்து கேமரா செத்துவிடும். “கல்யாணமான நாள்லேருந்து என் மூஞ்சியை ஒரு தடவை இவ்வளவு கிட்டத்துல பாத்திருப்பியா?” என்பார் குமிழியார். “உங்க மூஞ்சியில தண்ணி புகாதே” என்பார் அந்த அம்மையார், தலை நிமிராமல்.

முதலில் குமிழியார் கேட்டது கயிறு. இடுப்பில் ஒரு கயிறு கட்டிக்கொள், மறுமுனையை நான் பிடித்துக்கொள்கிறேன் என்றார். அலுவலகத்தில் சொல்லி நல்ல கயிறாக வாங்கியும் வந்துவிட்டார்.

“கயிறு ஃப்ரேம்ல வரும்” என்றார் படக்காரம்மா.

“வந்தா என்ன? பாக்கறவங்களுக்கும் ஒரு நிம்மதியா இருக்கும்.”

“மாட்டை மேய விட்ட மாதிரி இருக்கும்.”

சரி, துணைக்கு இன்னொரு முக்குளிப்பவரை அழைத்துப் போகலாமே என்றார். முக்குளிப்பவர்களுக்கு அதுதான் விதியும்கூட. ஆனால் துணைக்கு வருகிறவர் மூச்சு விடுவார், மூச்சு விட்டால் குமிழி வரும், குமிழி ஃப்ரேமில் வரும். துணைக்கு வருகிறவர் மூச்சு விடாமல் இருக்கச் சம்மதித்தால் அழைத்துப் போகத் தனக்கு ஆட்சேபம் இல்லை என்று படக்காரம்மா தெரிவித்தார். பேச்சுவார்த்தை அத்தோடு முறிந்தது.

கடைசியில் ஏற்பட்ட உடன்படிக்கை இது. லீவு நாட்களில் குமிழியார் படகில் கூடவே வருவார். படகை விட்டு இறங்க மாட்டார். நீச்சல் தெரியாது, தெரிந்துகொள்ளும் உத்தேசமும் இல்லை. அவர் வேலை, தண்ணீர்ப் பரப்பில் மனைவியின் குமிழி எங்கே வருகிறது என்று பார்த்துக்கொண்டே இருப்பது. கண்ணை எடுக்கக் கூடாது. ஆபத்து என்று பட்டால் ஸ்பானரால் படகின் இரும்பு ஏணியைத் தட்ட வேண்டும். தண்ணீருக்குள் அந்தச் சத்தம் நன்றாகக் கேட்கும். கேட்டதும் அம்மையார் மேலே வந்துவிடுவார்.

முதல் நாள் எல்லாம் நன்றாகத்தான் போயிற்று. பொத்தென்று ஒரு கொத்துக் குமிழி வரும். சற்று இடைவெளி. மறுபடி ஒரு கொத்து. அடுப்பில் பொறுமையான குக்கர் இருப்பது போல. குமிழியார் தைரியம் வந்து ஒரு பிஸ்கட்டை எடுத்து வாயருகே கொண்டு போனார். குமிழி நின்றுவிட்டது.

பிஸ்கட் எங்கே போயிற்று என்று இன்றுவரை தெரியாது. அவர் ஏணியைத் தட்டிய தட்டில் கரையில் இருந்த கடற்பறவைகள் எழும்பிவிட்டன. படக்காரம்மா மேலே வந்து, வாயிலிருந்து குழாயைப் பிடுங்கினார்.

“என்னாச்சு?”

“குமிழி நின்னுடுச்சு!”

“ஷாட் எடுத்துட்டிருந்தேங்க! மூச்சு விட்டா கை ஆடும், மீன் ஓடிடும். ஷாட் முடியற வரைக்கும் மூச்சைப் பிடிச்சுப்பேன்.”

“மூச்சு விடாம எப்படி உயிரோட இருப்பே?”

“ஷாட் முடிஞ்சதும் விடுவேன். இனிமே இதுக்காகத் தட்டினீங்கன்னா உங்களைக் கரையிலேயே விட்டுட்டு வந்துடுவேன். சொல்லிட்டேன்.”

இப்படியாகக் குமிழியாரின் கலை விமரிசன வாழ்க்கை தொடங்கியது. குமிழி சீராக வந்தால் கீழே ஒன்றும் பிரமாதமாக இல்லை, அம்மையார் சும்மா உலாத்துகிறார் என்று பொருள். சிறிது நேரம் நின்றால் நல்ல ஷாட். ரொம்ப நேரம் நின்றால், பிற்பாடு ஏதோ ஓர் ஊரில் நாற்காலியில் சாய்ந்திருக்கும் கனவான்கள் கைதட்டப்போகும் ஷாட். கனவான்கள் கைதட்டும் ஒவ்வொரு இடத்திலும் இவருக்கு ஒரு மரணம் நிகழ்ந்திருக்கிறது. படத்தின் முடிவில் நன்றி தெரிவிக்கும் பட்டியலில் அதற்கெல்லாம் இடம் கிடையாது.

“என்ன குமிழியாரே, இன்னிக்குப் படம் எப்படி?” என்று கேட்பார் படகுக்காரர். அவர்தான் பெயர் வைத்தவர். படகில் கூரைத் துணியின் நிழலில் காலை நீட்டிப் படுத்திருப்பார்.

“ரெண்டு தடவை நின்னுச்சு. மூணாவது தடவை...” குமிழியார் பிஸ்கட் பொட்டலத்தைத் தள்ளி வைப்பார். “மூணாவது பெரிய ஷாட்.”

“அப்ப பரிசு உண்டுன்னு சொல்லுங்க.”

“எனக்கு ஒண்ணும் வேணாம்யா. அவ மேல வந்தாப் போதும்.”

இந்தக் காலத்தில்தான் ஒரு நிறுவனம், கடலுக்கும் மனிதனுக்கும் உள்ள உறவைப் பற்றிப் படமெடுத்துத் தரச் சொல்லிப் படக்காரம்மாவைக் கேட்டது. இந்த மாதிரிப் படங்களில் வழக்கமாக யாராவது ஒருவர் கரையில் நின்று, தூரத்தில் பார்த்து, பெருமூச்சு விட்டுப் பேசுவார். படக்காரம்மாவுக்கு அது பிடிக்காது. முகம் பொய் சொல்லும், கால்விரல் பொய் சொல்லாது என்பது அவர் கட்சி. ஆகவே பேசுகிறவரை மார்பளவு தண்ணீரில் நிறுத்தினார். மேலே ஒரு மைக் அவர் சொல்வதைப் பதிவு செய்யும். கீழே தண்ணீருக்குள் படக்காரம்மா அவர் காலைப் படமெடுப்பார்.

துறைமுகத்து அதிகாரி ஒருவர், “கடல் எனக்குத் தாய் மாதிரி” என்றார். தாய் பிரம்பை எடுத்துக்கொண்டு வருவதைப் பார்த்த பிள்ளையின் விரல்கள் போல அவருடைய பத்து விரல்களும் மணலுக்குள் புதைந்தன. நீச்சல் பயிற்சியாளர், “கடல் என் நண்பன்” என்றார். நண்பன் ஒருமுறை லேசாகத் தோளைத் தொட்டதும் விரல்கள் ஒன்றை ஒன்று கட்டிப் பிடித்துக்கொண்டன. மீன் விற்கும் அம்மாள் மட்டும் கொஞ்சம் நேர்மையாகப் பேசினார். “உறவா? அது பாட்டுக்கு அது, நான் பாட்டுக்கு நான். அவ்வளவு பெரிய இடத்துச் சம்பந்தமெல்லாம் நமக்கெதுக்கு?” அவர் பேசும்போது ஒரு கால் இன்னொரு காலின் மேல் ஏறி நின்றிருந்தது.

படக்காரம்மாவின் நாத்தனார், அதாவது குமிழியாரின் அக்கா, தானும் வருவதாகச் சொல்லி வந்தார். “எந்த வீட்டுலடா பொண்டாட்டி தண்ணிக்குள்ளயும் புருஷன் தண்ணிக்கு மேலயும் குடித்தனம் பண்றாங்க?” என்று தம்பியைப் பல வருடங்களாகக் கேட்டுவருகிறவர். தண்ணீரில் நிமிர்ந்து நின்று, “நான் எதுக்கும் பயந்தவ இல்ல” என்று மைக்கைப் பார்த்துத் தொடங்கினார். ஓர் அலை வந்தது. கீழே கேமராவில் இரண்டு கால்களும் திடீரெனக் காணாமல் போயின. பக்கத்தில் பாதுகாப்புக்கு நின்ற நீச்சல் பயிற்சியாளரின் இடுப்பைச் சுற்றி அவை பின்னர் கண்டெடுக்கப்பட்டன.

எல்லாக் கால்களையும் வீட்டில் கணினியில் போட்டுப் பார்த்த படக்காரம்மா, “எல்லாருக்கும் பயம்தாங்க” என்றார். “ஒரு ஆளு விடாம.”

“இதைக் கண்டுபிடிக்கவா இவ்வளவு தூரம் போனே? என்கிட்ட கேட்டிருந்தா சொல்லியிருப்பேனே.”

“உங்க கால் மட்டும்தான் பாக்கி.”

“என் காலு வராது. எனக்குப் பயம்னு வேணா எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தரேன். கையெழுத்துப் போடறதுதானே என் வேலை.”

அத்தோடு அந்தப் பேச்சு முடிந்தது. படத்துக்கு இன்னும் ஒரே ஓர் இடத்தில் எடுக்க வேண்டியிருந்தது. துறைமுக வாய்க்கு வெளியே, எப்போதோ ஒரு புயலில் கவிழ்ந்து மூழ்கிய இரும்புச் சரக்குப் படகு ஒன்று, வயிறு மேலாகக் கடலடியில் கிடந்தது. அதற்கும் அப்பால் கப்பல் பாதை. படகின் அடியில் ஒருபக்கம் நுழைந்து மறுபக்கம் வெளியே வரும் அளவுக்கு இடைவெளி இருந்தது. உள்ளே மனிதர்கள் விட்டுப்போன சாமான்கள் இருக்கும், எடுக்க வேண்டும் என்றார் படக்காரம்மா. ‘நுழைந்து’ என்ற சொல் காதில் விழுந்ததுமே குமிழியார் ஸ்பானரைத் தேடத் தொடங்கிவிட்டார்.

“கண்ணை எடுக்காதீங்க. நான் அந்த இரும்புக்குள்ளதான் இருப்பேன்” என்று சொல்லிவிட்டு அம்மையார் பின்பக்கமாகச் சாய்ந்து தண்ணீரில் விழுந்தார். அது முக்குளிப்பவர்கள் இறங்கும் முறை. எத்தனை தடவை பார்த்தாலும் யாரோ தள்ளிவிட்டது போலவே இருக்கும்.

நல்ல வெயில். காற்று கரைப்பக்கமிருந்து வீசிக்கொண்டிருந்தது. குமிழியார் படகின் இடதுபுற விளிம்பில் உட்கார்ந்து குமிழியில் கண்ணை ஊன்றினார். முதலில் வழக்கம் போல் கொத்துக் கொத்தாக வந்தது. பிறகு கொஞ்ச நேரம் ஒன்றுமே இல்லை. உள்ளே நுழைந்துவிட்டார், மூச்சுக்காற்று கவிழ்ந்த படகின் வயிற்றில் முட்டித் தேங்குகிறது என்று அம்மையார் முன்பே விளக்கியிருந்தார். விளக்கம் மூளைக்குப் போயிற்று, உள்ளங்கைக்குப் போகவில்லை. ஸ்பானரை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். அப்புறம் குமிழி வரத் தொடங்கியது. துருப்பிடித்த ஓட்டை ஒன்றின் வழியாக இருக்க வேண்டும். மெல்லிய சரமாக, அழகாக, நிற்காமல் வந்தது.

குமிழியார் மூச்சு விட்டார். ஒரு பிஸ்கட் தின்றார். நன்றாக இருந்தது. இன்னொன்றும் தின்றார். படகுக்காரருக்கும் ஒன்று கொடுத்தார்.

“இன்னிக்கு என்ன, முகம் தெளிவா இருக்கு?” என்றார் படகுக்காரர்.

“ஒரு தடவைகூட நிக்கலய்யா. சீரா வந்துட்டிருக்கு.”

“அப்ப படம் சுமாரா?”

“ரொம்ப சுமார்” என்றார் குமிழியார் ஆனந்தமாக.

வாழ்க்கையில் முதல்முறையாக அவர் கடலைப் பார்த்து, இதுவும் ஒரு வகையில் பார்க்க நன்றாகத்தான் இருக்கிறது என்று நினைத்தார். குமிழி வந்துகொண்டே இருந்தது. ஒரு சின்ன இடைவெளி இல்லை. ஒரு தயக்கம் இல்லை. நகர்வும் இல்லை. நாலாவது பிஸ்கட்டைக் கடித்தவர் மெல்லுவதை நிறுத்தினார்.

கவிழ்ந்த படகு. உள்ளே யார் யாரோ விட்டுப்போன சாமான்கள். இவ்வளவு தூரம் ஆசைப்பட்டு வந்த இடம். அங்கே போய் என் பெண்டாட்டி ஒரு நல்ல ஷாட்கூட எடுக்காமல் இருப்பாளா?

பாதி பிஸ்கட் வாயில் மாவாகக் கிடந்தது. இத்தனை வருடங்களாகக் குமிழி நின்றால் செத்தவர், இப்போது குமிழி நிற்காததால் உறைந்து போனார். எழுந்தார்.

“அது அவ இல்ல.”

“எது?”

“குமிழி. அது அவளோடது இல்ல.”

படகுக்காரர் எட்டிப் பார்த்தார். “கண்ணு முன்னாடி வந்துட்டிருக்கே சார். அவங்க இல்லாம மீனா மூச்சு விடுது?”

“இவ்வளவு நேரம் ஒரு ஷாட் எடுக்காம அவளால இருக்க முடியாது. எனக்குத் தெரியும்.”

ஸ்பானரால் ஏணியைத் தட்டினார். தட்டினார். கை வலிக்கும்வரை தட்டினார். எந்தத் தலையும் மேலே வரவில்லை. குமிழி மட்டும் அதே அழகோடு வந்துகொண்டிருந்தது, கேலி செய்வது போல.

“இரும்புக்குள்ள இருந்தா காது கேக்காது சார். இல்ல, கோவத்துல வராம இருப்பாங்க. போன தடவை தட்டினப்ப என்ன சத்தம் போட்டாங்க!”

“நீரோட்டம் எந்தப் பக்கம் போகுது?”

படகுக்காரர் நங்கூரக் கயிற்றைப் பார்த்தார். பார்த்தவர் முகத்திலிருந்த சிரிப்பு போய்விட்டது. வரும்போது தளர்ந்து கிடந்த கயிறு இப்போது விறைப்பாக இழுபட்டு நின்றது. “வெளிய இழுக்குது. கப்பல் பாதைக்கு.”

இரண்டு பேரும் அந்தத் திசையில் பார்த்தார்கள். அலைகளின் மேல் வெயில் பட்டுக் கண் கூசிற்று. பார்த்தால் எதுவும் தெரியவில்லை. எல்லாமே தலை போலவும் தெரிந்தது.

“என்ஜினைப் போடுங்க. போய்ப் பாக்கலாம்.”

“சார், விளையாடாதீங்க. அம்மா கீழே இருந்தா? என்ஜின் விசிறி சுத்தும்போது மேல வந்தா? என்னால பண்ண முடியாது. எனக்கும் குடும்பம் இருக்கு.”

அது நியாயமான பேச்சு. கீழே அவர் இருந்து, இவர்கள் என்ஜினைப் போட்டால், இவர்களே அவரைக் கொன்றதாகிவிடும். கீழே அவர் இல்லாமல், இவர்கள் இங்கேயே உட்கார்ந்திருந்தால், கடல் கொன்றுவிடும். இவர் பிஸ்கட் தின்றபடி பார்த்துக்கொண்டிருந்ததாக ஆகும். கண்ணுக்கு எதிரே சாட்சியாகக் குமிழி வருகிறது. எதிர்த்தரப்பில் இருப்பது ஒன்றே ஒன்று: தன் மனைவி திறமைசாலி என்ற இவருடைய அபிப்பிராயம். அந்த அபிப்பிராயத்தை இவர் வீட்டில் ஒருநாளும் வாய்விட்டுச் சொன்னது கிடையாது.

குமிழியார் நங்கூரக் கயிற்றைப் பார்த்தார். இழுத்து நிற்கும் கயிறு எதைச் சொல்கிறது என்று அவருக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை.

“என்ஜின் வேணாம். கயித்தை அவுத்து விடுங்க.”

“எதை?”

“நங்கூரக் கயித்தை. நுனியில அந்தக் காலி கேனைக் கட்டி விடுங்க, மெதக்கட்டும். அவ கீழே இருந்தா அதைப் புடிச்சுக்கிட்டு நிப்பா. தண்ணி அவளை எங்க கொண்டு போச்சோ, அங்கேயே நம்மளையும் கொண்டு போகட்டும். இந்த இடத்தை விட்டுத் தள்ளிப் போனதும் என்ஜினைப் போட்டுக்கலாம்.”

படகுக்காரர் அவரை ஏற இறங்கப் பார்த்தார். “நீங்களா சார் சொல்றீங்க?”

“சீக்கிரம்யா!”

கட்டிய கயிறு எதையும் தன் வாழ்நாளில் அவிழ்க்கச் சொல்லாத மனிதர், தானும் குனிந்து முடிச்சைப் பிரித்தார். கேன் தண்ணீரில் விழுந்தது. படகு ஒருமுறை தலையைத் திருப்பிவிட்டு, பிடிப்பு எதுவும் இல்லாமல் வழுக்கிக்கொண்டு போகத் தொடங்கியது. லிஃப்டுகளில் கயிறு அறுந்தால் உள்ளே இருப்பவர்களுக்கு எப்படி இருக்கும் என்று பல வருடங்களாக அவர் கற்பனை செய்து வைத்திருந்தார். கிட்டத்தட்ட அப்படியேதான் இருந்தது. குமிழிச்சரம் பின்னால் போயிற்று, சின்னதாயிற்று. அதிலிருந்து கண்ணை எடுப்பது, உயிரோடு இருப்பவரின் கையை விடுவது போல் இருந்தது. எடுத்தார்.

என்ஜின் கிளம்பியது. படகுக்காரர் நின்றுகொண்டு ஓட்டினார். குமிழியார் முன்புறக் கம்பியைக் கட்டிக்கொண்டு தேடினார். ஒரு பிளாஸ்டிக் பை மனைவியாகத் தெரிந்தது. ஒரு மரத்துண்டு மனைவியாகத் தெரிந்தது. ஒரு கடற்பறவை மனைவியாகத் தெரிந்து, பறந்தும் போயிற்று. தூரத்தில், வீடு வீடாக அடுக்கியது போல் பெட்டிகள் ஏற்றிய கப்பல் ஒன்று, யாரையும் கவனிக்காத பெரிய மனிதர் மாதிரி வந்துகொண்டிருந்தது. அதன் உச்சியில் இருப்பவருக்குத் தண்ணீரில் இருக்கும் ஒரு தலை, தலையாகவே தெரியாது. குமிழியாரின் உதடுகள் எதையோ சொல்லிக்கொண்டிருந்தன. பிரார்த்தனை என்று படகுக்காரர் நினைத்தார். பக்கத்தில் போனபோது கேட்டது: “ஷாட் முடிஞ்சதும் விடுவா, ஷாட் முடிஞ்சதும் விடுவா.”

“சார், அதோ! ஆரஞ்சு!”

காற்று ஊதி நிமிர்த்தி வைக்கும் அடையாளக் குழல் ஒன்று, அலைக்கு அலை எழுந்தும் படுத்தும் தெரிந்தது. அதைக் கட்டிப் பிடித்தபடி படக்காரம்மா. உதடு வெளுத்திருந்தது. பல்லிடுக்கில் விசில் இருந்தது. படகு பக்கத்தில் வந்ததும் விசிலைத் துப்பிவிட்டு அவர் பேசிய முதல் வார்த்தை அன்பானதல்ல.

“எத்தனை தடவை ஊதறது! ஒரு தடவை திரும்பிப் பாக்கக் கூடாதா? முதுகைக் காட்டிக்கிட்டே உக்காந்திருக்கீங்க!”

“நீதானே குமிழியிலேருந்து கண்ணை எடுக்காதீங்கன்னு சொன்னே!”

“நான்தான் அங்க இல்லையே!”

“அது எனக்கு எப்படித் தெரியும்!”

இந்த உரையாடல் அலைகளுக்கு நடுவே, சற்று உரத்த குரலில், முழு நியாயத்தோடு இரு தரப்பிலும் நடந்தது. அதற்குள் அம்மையாருக்குக் காலில் நரம்பு சுண்டி இழுத்துக்கொண்டது. ஏணியில் ஏற முடியவில்லை. படகுக்காரர் சுக்கானை விட முடியாது. கப்பலின் அலை வந்துகொண்டிருந்தது. குமிழியார் ஏணியில் இறங்கி, மனைவியின் முதுகுப் பட்டையை ஒரு கையால் பற்றி மேலே இழுத்தார். தான் எத்தனை படி இறங்கினோம் என்பது அப்போது அவருக்குத் தெரியாது.

நடந்தது இதுதான். கவிழ்ந்த படகுக்குள் போன படக்காரம்மா அங்கே ஓர் ஒற்றைச் செருப்பைப் பார்த்தார். கடலடியில் மனிதனுக்கும் கடலுக்கும் உள்ள உறவைத் தேடிப் போகிறவர்களுக்குப் பெரும்பாலும் கிடைப்பது ஒற்றைச் செருப்புதான். நீரோட்டத்தில் அது தத்தித் தத்தி நடப்பது போல மறுபக்கம் வெளியே போயிற்று. யாரோ அதைப் போட்டுக்கொண்டு வேலைக்குக் கிளம்புவது போல. அம்மையார் மூச்சைப் பிடித்துக்கொண்டு பின்னாலேயே போனார். அப்புறம் இன்னும் கொஞ்சம் போனார். நிமிர்ந்தபோது இரும்பும் இல்லை, திரும்பி நீந்தும் அளவுக்குக் காலில் பலமும் இல்லை. படகுக்காரர் சொன்னதும் பொய்யில்லை. மேலே வந்துகொண்டிருந்தது அம்மையாருடைய மூச்சேதான். அவர் விட்டுவிட்டுப் போனது, இரும்பு வயிற்றில் தேங்கி, ஓட்டை வழியாகச் சாவகாசமாக வெளியே வந்துகொண்டிருந்தது.

கரைக்குத் திரும்பும் வழியில், போர்வைக்குள்ளிருந்து படக்காரம்மா கேட்டார். “அப்புறம் எப்படிங்க கண்டுபிடிச்சீங்க?”

“குமிழி நிக்கவே இல்ல.”

“நிக்கலேன்னா நிம்மதியாத்தானே இருப்பீங்க?”

“நீ இவ்வளவு மோசமா எடுக்க மாட்டியே” என்றார் குமிழியார், கடலைப் பார்த்துக்கொண்டு.

எத்தனையோ ஊர்களில் எத்தனையோ கனவான்கள் படக்காரம்மாவைப் பாராட்டியிருக்கிறார்கள். அவர் எல்லாருக்கும் அழகாக நன்றி சொல்லியிருக்கிறார். இதற்கு மட்டும் போர்வையை இழுத்து முகத்தை மூடிக்கொண்டார். பற்கள் தந்தியடித்துக்கொண்டிருந்தன. குளிராகவும் இருக்கலாம். பயம் அப்போதுதான் அவருக்கு வந்து சேர்ந்தது.

மறுநாள் கணினியில் போட்டுப் பார்த்தபோது, மணிக்கட்டில் தொங்கிய கேமரா கடைசிவரை ஓடிக்கொண்டே இருந்தது தெரிந்தது. பச்சைத் தண்ணீர், ஆட்டம், நுரை, அப்புறம் ஏணி. ஏணியில் இரண்டு கால்கள். செருப்பை மீறி நீண்ட விரல்கள் இரும்புக் கம்பியைப் பறவை போலப் பற்றியிருந்தன. அவர் படமெடுத்த எல்லா விரல்களையும்விட அதிகமாகப் பயந்த விரல்கள். நடுக்கம் கம்பியிலேயே தெரிந்தது. ஆனால் அவை நின்றிருந்தது கடைசிப் படி. அதற்குக் கீழே படி இல்லை, கடல்தான். பார்த்துக்கொண்டிருக்கும்போதே ஒரு காலிலிருந்து செருப்பு கழன்று, அவசரமே இல்லாமல், அடிமட்டத்தை நோக்கிப் போயிற்று.

“இது படத்துல வரும்” என்றார் படக்காரம்மா.

குமிழியார் ரொம்ப நேரம் தன் கால்களையே பார்த்தார், அடுத்த வீட்டுக்காரர் கால்களைப் பார்ப்பது போல. “செருப்பு மட்டும் வரட்டும்” என்றார். காலும் செருப்பும் இரண்டுமே வந்தன.

அதன்பின் படக்காரம்மா ஒரு வாக்குக் கொடுத்தார். இனிமேல் மூச்சைப் பிடிக்க மாட்டேன், கை ஆடினால் ஆடட்டும், மீன் ஓடினால் ஓடட்டும் என்றார். நாத்தனார், “இப்பவாவது புத்தி வந்துச்சே” என்றார். அடுத்த லீவு நாளில் புது நங்கூரம், புதுச் செருப்பு சகிதம் கிளம்பினார்கள். நீரோட்டம் இல்லாத இடமாகப் பார்த்து இறங்கினார் அம்மையார். சொன்ன சொல் தவறவில்லை. குமிழி கொத்துக் கொத்தாக, சீராக, நிற்காமல் வந்தது.

குமிழியார் பிஸ்கட் பொட்டலத்தைப் பிரிக்கவில்லை. உள்ளங்கை வியர்த்தது. இது யாருடைய குமிழியாகவும் இருக்கலாம். ஏதாவது பழைய மூச்சாக இருக்கலாம். சேற்றிலிருந்து வரும் காற்றாக இருக்கலாம். இன்னும் நிற்கவில்லை. இன்னும் நிற்கவில்லை. ஸ்பானரை எடுத்து ஏணியில் ஓங்கித் தட்டினார்.

தலை மேலே வந்தது. “என்னங்க? என்னாச்சு?”

“நீதானா?”

“பின்ன யாரு?”

குமிழியார் படகுக்காரரைப் பார்த்தார், வானத்தைப் பார்த்தார், வேறு வழியில்லாமல் மனைவியைப் பார்த்தார். “மூச்சு விட்டுக்கிட்டே இருக்காதே. ஏதாவது நல்லதா தெரிஞ்சா... கொஞ்சம் பிடிச்சுக்கோ.”

“நெஜமாவா சொல்றீங்க?”

“ரொம்ப நேரம் வேணாம். சின்ன ஷாட்டா எடு.”

அம்மையார் சிரித்துக்கொண்டே குழாயைக் கவ்வி உள்ளே போனார். ஒரு கொத்துக் குமிழி வந்தது. இன்னொன்று வந்தது. அப்புறம் நின்றது.

“பெரிய ஷாட் போலிருக்கே” என்றார் படகுக்காரர் நிழலில் படுத்தபடி.

குமிழியாரும் மூச்சைப் பிடித்துக்கொண்டிருந்தார்.